ஆறிப்போன டீ

தண்ணீர் கொதித்துவிட்டது. நான் தூள் டப்பாவைத் திறந்து வைத்துக்கொண்டு நிற்கிறேன், இரண்டு டம்ளருக்கு எத்தனை கரண்டி என்று தெரியாமல். யாராவது பார்த்தால் சிரிப்பார்கள். ஈரோடு பஸ் ஸ்டாண்டுக்கு எதிரே முப்பத்தோரு வருஷமாக டீ ஆற்றுகிற நாச்சிமுத்து, ஒரு நாளைக்கு ஐந்நூறு டீ போட்ட கை, அதற்கு இரண்டு டம்ளருக்கு அளவு தெரியவில்லை. கடையில் கரண்டியும் கிடையாது கணக்கும் கிடையாது, அள்ளினால் அள்ளினதுதான், பையில் போட்டுக் கொதிநீரை விட்டால் ஆட்கள் வரிசையாக வந்து நிற்பார்கள். இங்கே எனக்கு ஒரே ஒரு ஆள். அவளும் நிற்கவில்லை, முன்னறையில் ஃபேனுக்கு அடியில் கட்டிலில் சாய்ந்து டிவி பார்த்துக்கொண்டிருக்கிறாள். துளசிமணி. என் சம்சாரம். இன்று காலை பத்து மணிக்கு, ஏதோ சமையல் நிகழ்ச்சியில் ஒரு பெண் உயரமான கிளாஸில் ஐஸ் கட்டி மிதக்க மிதக்க டீ குடித்தாள், எலுமிச்சம்பழ வட்டம் ஒன்று விளிம்பில் குத்தி வைத்திருந்தது, அதைப் பார்த்துக்கொண்டே என் துளசிமணி சொன்னாள், "ஏனுங்க, அந்த மாதிரி சில்லுனு ஒரு டீ குடிச்சாத் தேவலாம்னு இருக்குது." நான் துணி மடித்துக்கொண்டிருந்தேன். மடிப்பை விட்டுவிட்டு அவளைப் பார்த்தேன். தேவலாம். நாலு மாசத்தில் அவள் வாயிலிருந்து அந்தச் சொல் வரவில்லை. கொடுத்தால் வாங்கிக்கொள்வாள், கொடுக்காவிட்டால் கேட்க மாட்டாள். அவளாக ஒன்றைக் கேட்டுவிட்டாள், அதுவும் என்னிடம், அதுவும் டீ. சட்டையை மாட்டாமலேயே தெருவில் இறங்கிவிட்டேன், முக்குக் கடைக்காரன் "என்னண்ணா, வெறும் பனியனோட?" என்றபோதுதான் தெரிந்தது. எலுமிச்சை நாலு, நாட்டுச் சர்க்கரை ஒரு கிலோ. சரி, மூன்று கரண்டி போடுகிறேன். இல்லை, நாலு. ஐஸ் கரைந்தால் தண்ணீர் சேரும், அப்போது டீ வெளுத்துவிடும், அதனால் இப்போதே கடுப்பமாக இருக்க வேண்டும். இதை யாரும் எனக்குச் சொல்லித் தரவில்லை, நானே கண்டுபிடித்தேன், மாஸ்டர் என்றால் சும்மாவா. நாலு போட்டுவிட்டேன்.

தூள் விழுந்ததும் அந்த வாசம் எழும்புகிறது. கடையில் இதை நான் கவனித்ததே இல்லை, டீசல் புகையும் வடைச்சட்டி எண்ணெயும் சேர்ந்து அடிக்கிற இடத்தில் எதைக் கவனிப்பது. கடையை இப்போது மச்சான் பார்த்துக்கொள்கிறான், நான் காலையில் இரண்டு மணி நேரம் போய்த் தலையைக் காட்டிவிட்டு வந்துவிடுகிறேன். நான் போடுவது எதுவென்று அங்கே தெரிந்தால் என் மானம் போய்விடும். ஆறிப்போன டீ என்றால் எங்கள் தொழிலில் அதைவிடக் கெட்ட வார்த்தை கிடையாது. யாராவது ஒரு கிளாஸைத் திருப்பி நீட்டி "என்ன மாஸ்டர், ஆறிப்போச்சு" என்றால், வாதாடாமல் வாங்கிக் கடையோரத்து வேப்பமரத்து வேரில் ஊற்றிவிட்டுப் புதிதாகப் போட்டுத் தருவேன், அன்று முழுக்க எனக்கு முகம் சரியாக இருக்காது. அந்த மரத்துக்கு நான் ஊற்றியது மொத்தம் இருபது கிளாஸ் இருக்காது, முப்பத்தோரு வருஷத்தில். இப்போது நானே டீயை வேண்டுமென்றே ஆற வைத்து, ஐஸ் வேறு போட்டு, என் சம்சாரத்துக்குக் கொண்டுபோய்க் கொடுக்கப் போகிறேன், அதுவும் காலையிலிருந்து பாட்டு முணுமுணுத்துக்கொண்டு. பஸ் ஸ்டாண்டே மெச்சின என் டீயை மெச்சாத ஒரே ஆளும் இவள்தான். கல்யாணமாகி நாலாம் நாள், புதுப் பெண்டாட்டிக்குக் கடையிலிருந்து நானே ஒரு டீ கொண்டுவந்தேன், ஆடை இல்லாமல், நுரை நிற்க. ஒரு வாய் குடித்தாள். இடது புருவம் மேலே போனது. "தூள் பழசுங்க" என்றாள். எனக்கு வந்ததே கோபம். இரண்டு நாள் பேசவில்லை. மூன்றாம் நாள் டப்பாவைக் கொட்டிப் பார்த்தால் அடியில் போன மாசத்துத் தூள், புதுசை மேலேயே கொட்டிக் கொட்டி வைத்திருக்கிறான் கடைப்பையன். அன்றிலிருந்து தினமும் மூன்றரை மணிக்கு ஃபிளாஸ்க் வீட்டுக்கு வரும், நாலரைக்கு ஃபிளாஸ்க்கோடு ஒரு குறையும் திரும்பி வரும். இஞ்சியத் தோலோட நசுக்கிட்டீங்க. பால்ல தண்ணி சேந்துருச்சு. ரெண்டாவது கொதி கொதிச்சிருக்குது, விட்டிருக்கக் கூடாது. ஒரு நாள்கூடத் தப்பாகச் சொன்னதில்லை, அதுதான் எரிச்சல். அவள் சொன்னதைச் சரிசெய்து சரிசெய்துதான் என் டீ பஸ் ஸ்டாண்டில் பேர் வாங்கியது, இதை நான் யாரிடமும் சொல்லவில்லை, அவளிடம் சுத்தமாகச் சொல்லவில்லை. சொல்லியிருக்கலாம். இன்று சொல்லலாமா. வேண்டாம், ரொம்பத்தான் ஏறிக்கொள்வாள். ஏறிக்கொள்ளட்டுமே, ஏறிக்கொண்டால் நல்லதுதானே. அடுப்பை அணைத்துவிட்டேன், மூடிவைத்து மூன்று நிமிஷம்.

மூன்று நிமிஷத்தில் மனசு எங்கே போகக் கூடாதோ அங்கேயே போகிறது. அவளுக்கு வந்த நோய் போய்விட்டது, அதில் சந்தேகம் இல்லை, போன வியாழக்கிழமை டாக்டரம்மா காகிதத்தைத் திருப்பி எங்கள் பக்கம் வைத்து, சுத்தமாக இருக்கிறது, இனி ஆறு மாசத்துக்கு ஒரு தடவை வந்தால் போதும் என்றார். ஆஸ்பத்திரி வாசலில் நான் தலைகால் புரியாமல் இரண்டு இளநீர் வாங்கினேன், இவளுடையதையும் நானே குடித்துவிட்டேன், இவளுக்குத்தான் எதுவும் பிடிக்கவில்லையே. ஆறு தடவை ஏற்றின மருந்து நாக்கைத் தின்றுவிட்டது. எதைத் தின்றாலும் இரும்பைச் சப்புகிற மாதிரி இருக்கிறது என்று ஒரே ஒரு தடவை சொன்னாள், அதற்குப் பிறகு சொல்லவில்லை. நாக்கு மெதுவாக வரும், வாரமும் ஆகலாம் மாசமும் ஆகலாம் என்றார் டாக்டரம்மா. சிலருக்கு முழுசாக வராமலும் போகலாம் என்றதை நான் மட்டும்தான் கேட்டேன், இவள் அப்போது எடை பார்க்கப் போயிருந்தாள். சரி, ருசி போனால் போகிறது, ஆள் இருக்கிறாளே, அது போதாதா என்று எனக்கு நானே சொல்லிக்கொள்கிறேன். போதும். போதும்தான். ஆனால் இந்த "நல்லா இருக்குதுங்க" இருக்கிறதே. கஞ்சி கொடுத்தால் நல்லா இருக்குதுங்க. இட்லி கொடுத்தால் நல்லா இருக்குதுங்க. நான் சமைக்கிறேனே, ஆம்பளை அடுப்படியில் கஷ்டப்படுகிறானே என்று அவளுக்கு இரக்கம். முந்தாநாளைக்கு முந்தின நாள் ரசம் வைத்தேன், அவள் ஒரு தட்டுச் சாதம் முழுக்கச் சாப்பிட்டாள், நல்லா இருக்குதுங்க என்றாள், பிறகு நான் ஒரு வாய் எடுத்தால் உப்பே போடவில்லை. ஒரு கல் உப்புக்கூட இல்லை. பின்கட்டுக்குப் போய்க் குழாயைத் திறந்து விட்டுக்கொண்டு அழுதேன். நோய் என்று முதலில் சொன்னபோதுகூட அப்படி அழவில்லை. உப்பில்லாத ரசத்தை நல்லா இருக்குது என்று சொல்லிவிட்டுச் சிரிக்கிற அந்த மரியாதையான பொம்பளை யார்? என் துளசிமணியை ஆஸ்பத்திரியில் வைத்துக்கொண்டு வேறு யாரையோ அனுப்பிவிட்டார்களா? அவள் இப்போதும் நல்லா இருக்குதுங்க என்றுதான் சொல்லப் போகிறாள். இந்த டீக்கும். சொன்னால் எனக்கு எப்படித் தெரியும், நிஜமாகவா, இரக்கமா? ஒரு யோசனை வருகிறது, கெட்ட யோசனை. சர்க்கரையே போடாமல் கொடுத்துப் பார்த்தால்? நல்லா இருக்குது என்றால் நாக்கு வரவில்லை, தெரிந்துபோகும். சே. உடம்பெல்லாம் ஊசி குத்தி முடித்திருக்கிறார்கள், நானும் என் பங்குக்கு ஒரு ஊசியா. நாலு மாசத்துக்கு அப்புறம் ஆசைப்பட்டு ஒன்று கேட்டிருக்கிறாள், அதில் சோதனை வைக்கிறவன் மனுஷனா. நல்ல டீ கொடுப்போம். என்ன சொன்னாலும் கேட்டுக்கொள்வோம். நிமிஷம் மூன்றுக்கு மேலேயே ஆகிவிட்டது, ஐயையோ.

வடிகட்டியாயிற்று. நிறம் நல்ல செம்மண் நிறம். சர்க்கரைப் பொட்டலத்தைப் பிரிக்கிறேன், ஈரப்பதமாக, கையில் ஒட்டுகிறது, கரும்புச் சாற்றின் வாசம் இன்னும் போகவில்லை. இதற்காக இருபத்தேழு வருஷச் சண்டை. இவள் சர்க்கரைக்குப் பேர்போன கவுந்தப்பாடிக்காரி, வீட்டில் சர்க்கரை என்றால் இந்த நாட்டுச் சர்க்கரைதான், வெள்ளைச் சர்க்கரையை இன்றைக்கும் அஸ்கா என்றுதான் சொல்வாள், அதுவும் மூக்கைச் சுளித்துக்கொண்டு. "உங்க டீயில எல்லாம் சரி, அந்த அஸ்காதான் கெடுக்குது. எங்கூட்டுச் சக்கரையப் போட்டுப் பாருங்க." பாலில் போட்டால் திரிந்துபோகும், கடையில் திரிந்த டீயை எவன் குடிப்பான் என்பேன் நான். இறக்கி வெச்சுப் போட்டாத் திரியாது என்பாள் அவள். நான் போட்டுப் பார்க்கவே இல்லை. வீம்பு. இன்று பாலே இல்லாத டீ, திரிவதற்கு ஒன்றுமே இல்லை, ஆகவே என் டீயும் அவள் சர்க்கரையும் முதன்முதலாக ஒரே கிளாஸில் சேரப் போகின்றன. இதற்கு ஒரு மாலை மாற்றலாம் போலிருக்கிறது. ஒரு சிட்டிகை வாயில் போட்டுக்கொண்டேன், அடடா, இவள் சொன்னது சரிதான், இதையும் அவளிடம் சொல்ல வேண்டாம். போன் அடிக்கிறது. ஓசூரிலிருந்து மோகனப்பிரியா, எங்கள் ஒரே மகள், வேலையிடத்திலிருந்து தினமும் இந்த நேரத்துக்கு ஒரு தடவை அம்மாவை விசாரிப்பாள். "ஏனுங்ப்பா, அம்மா தூங்கறாங்களா?" "தூங்கல கண்ணு. ஐஸ் டீ வேணும்னு கேட்டா. போட்டுட்டு இருக்கறேன்." "அம்மாவே கேட்டாங்களா?" "அவளேதான்." "அய்யோ அப்பா! சரி, நான் இங்க அடிக்கடி போடுவேன், கேட்டுக்குங்க, சக்கரைய மட்டும்..." "கண்ணு, யாருக்கு யாரு டீ போடச் சொல்லித் தர்றது? உங்கப்பன் மாஸ்டரு." "இல்லீங்ப்பா, சக்கரைய..." "வெச்சர்றேன், ஆறீட்டுக் கெடக்குது." வைத்துவிட்டேன். ஆறிக்கொண்டு கிடக்கிறது என்றேன், பிறகுதான் சிரிப்பு வந்தது, ஆறத்தானே வேண்டும். ஆனால் தானாக ஆற ஒரு மணி நேரம் ஆகும், அதற்குள் அவளுக்கு ஆசை போய்விட்டால்? ஆசை என்பது இப்போது இந்த வீட்டில் பூனை மாதிரி வந்திருக்கிறது, சத்தம் போட்டால் ஓடிவிடும். இதற்கு ஒரே வழி எனக்குத் தெரியும்.

இரண்டு போசிப் பாத்திரங்களை எடுத்துக்கொண்டேன். வலது கை மேலே, இடது கை இடுப்புக்குக் கீழே. முதல் வீச்சு கொஞ்சம் பிசகியது, அடுப்பு மேடையில் நாலு சொட்டு. இரண்டாவது நேராக வந்தது. மூன்றாவதில் என் கை என்னிடம் திரும்பி வந்துவிட்டது. மேலேயிருந்து கீழே ஒரே கோடாக, மறுபடி மேலே, மறுபடி கீழே, அந்தச் சத்தம், கீழே விழும்போது தடித்து நிரம்ப நிரம்ப மெலிகிற அந்தச் சத்தம், முன்னறையில் டிவியைக் குறைத்துவிட்டாள் போலிருக்கிறது, கேட்கிறாளா? கேட்கிறாள். கல்யாணமான புதிதில் கடை வாசலில் வந்து நின்றுகொண்டு இதைத்தான் பார்ப்பாள், டீயை விட்டுவிட்டு. இன்னும் கொஞ்சம் உயர்த்தினேன், சீலிங்கில் இடிக்கிற அளவுக்கு, ஐம்பத்தாறு வயசுக்கு இந்தக் கெத்து தேவையா, தேவைதான். நுரை எழும்பி நிற்கிறது. விரல் வைத்துப் பார்த்தேன், சூடு போய்விட்டது. இனி ஐஸ். நேற்றே காய்ச்சின தண்ணீரை ஐஸ் டிரேயில் ஊற்றி வைத்திருந்தது நல்லதாகப் போயிற்று, இவளுக்கு இன்னும் பச்சைத் தண்ணீர் ஆகாது. டிரேயை முறுக்கினால் வரவில்லை, மேடையில் ஒரு தட்டுத் தட்டினேன், ஆறு கட்டி பறந்தது, ஒன்று அடுப்புக்கு அடியில், ஒன்று என் கால் பெருவிரலில், ஹா என்று கத்திவிட்டேன். "என்னுங்க ஆச்சு?" என்றாள் உள்ளேயிருந்து. "ஒண்ணுமில்ல புள்ள, ஐஸு மாஸ்டரக் கடிச்சிருச்சு." சிரித்தாளா? ஒரு சின்னச் சத்தம் வந்தது, சிரிப்பாகவும் இருக்கலாம் இருமலாகவும் இருக்கலாம், சிரிப்பு என்றே வைத்துக்கொள்கிறேன். கடையிலிருந்து கொண்டுவந்த கண்ணாடிக் கிளாஸ் இரண்டு. கை தன்பாட்டில் வேலை செய்கிறது, முப்பத்தோரு வருஷப் பழக்கம், முதலில் கிளாஸின் அடியில் சர்க்கரை, ஒன்றுக்கு இரண்டு கரண்டி, அவளுடையதில் இரண்டரை. அதன்மேல் ஐஸ். அதன்மேல் உயரத்திலிருந்து டீ. ஸ்பூனை விட்டு இரண்டே சுற்று, கட்டிகள் இடித்துக்கொண்டு வழி விடவில்லை, போதும். எலுமிச்சை நாலு சொட்டு, விளிம்பில் ஒரு வட்டம், டிவியில் வந்த மாதிரியே. டீயும் சர்க்கரையும் ஒரே நிறம், பார்க்க எவ்வளவு அழகாக இருக்கிறது. ருசி பார்க்கவில்லை. மாஸ்டர் தன் டீயை ருசி பார்ப்பது அசிங்கம், அதுவும் இந்த டீயை ருசி பார்க்க வேண்டிய ஆள் வேறு. ஸ்பூனையும் சேர்த்துத் தட்டில் வைத்துத் தூக்கினேன். அடுப்படியிலிருந்து முன்னறைக்கு எட்டடி. அந்த எட்டடியில் எல்லாப் பயமும் திரும்பி வந்தது. நல்லா இருக்குதுங்க என்பாள். சொல்லட்டும். சிரித்த முகமாக வாங்கிக்கொள்வேன்.

தலையில் கட்டியிருந்த துண்டை அவிழ்த்து வைத்திருக்கிறாள், புதுமுடி அரை விரல்கடைக்கு வளர்ந்திருக்கிறது. "அடேங்கப்பா, எலுமிச்சையெல்லாம் குத்தி வெச்சு" என்றாள். இரண்டு கையாலும் கிளாஸை வாங்கினாள். குடிக்கவில்லை, கன்னத்தில் வைத்துக்கொண்டாள், கண்ணை மூடிக்கொண்டாள், கிளாஸில் வேர்த்த தண்ணீர் அவள் தாடையில் இறங்குகிறது. இத்தனை வருஷமாக நான் டீயைப் பார்த்ததைவிட டீ குடிக்கிற முகங்களைப் பார்த்ததுதான் அதிகம், முதல் வாயிலேயே எனக்குத் தெரிந்துவிடும், இப்போது பார்க்கத் தைரியம் இல்லாமல் அவள் விரல்களைப் பார்த்துக்கொண்டு நிற்கிறேன், மருந்தில் கறுத்த நகங்களின் அடியில் புது நகம் வெள்ளையாக வந்திருக்கிறது. ஒரு வாய் குடித்தாள். "நல்லா..." என்றாள். அவள் நிறுத்திவிட்டாள். இன்னொரு வாய் குடித்தாள். நாக்கை மேலண்ணத்தில் ஒட்டி எடுத்தாள். இடது புருவம், அந்தப் புருவத்தில் முடிகூட இன்னும் சரியாக முளைக்கவில்லை, அது மேலே போனது.

"ஏனுங்க."

"என்ன புள்ள?"

"இதுல சக்கரை போட்டீங்களா, இல்லீங்களா?"

போட்டேனே. இரண்டரைக் கரண்டி போட்டேன், என் கண் பார்க்கப் போட்டேன். "என்ன சொன்ன?" என்றேன்.

"காது கேக்கலீங்களா? வெறும் கசப்புத் தண்ணியக் கொண்டாந்து நீட்டறீங்க. துளி இனிப்பில்ல." கிளாஸை ஜன்னல் வெளிச்சத்துக்கு நேராகத் தூக்கினாள். ஒரு கண்ணைச் சுருக்கிக்கொண்டு அடியைப் பார்த்தாள். "அட, அடியில மண்ணாட்டப் படிஞ்சு கெடக்குதே பூராவும்! சில்லுத் தண்ணியில சக்கரை எப்புடீங்க கரையும்? சூடா இருக்கறப்பவே போட்டுக் கலக்கியிருக்கோணும். இத்தன வருசமா டீ ஆத்தற மனுசனுக்கு இது தெரியாதா?"

தெரியாது. சத்தியமாகத் தெரியாது. கொதிக்கிற டீ மேலேயிருந்து விழுந்தால் எந்தச் சர்க்கரையும் கரைந்துபோகும், நான் எந்தக் காலத்தில் ஐஸில் சர்க்கரை போட்டேன். ஸ்பூனை என் தட்டிலிருந்து பிடுங்கினாள், ஐஸை ஒதுக்கிவிட்டு அடிவரைக்கும் விட்டுத் தோண்டினாள், ஒரு ஸ்பூன் ஈரச் சர்க்கரையை எடுத்து வாயில் வைத்தாள். ஃபேன் சுற்றுகிறது. அவள் கண் நிறைந்து வருகிறது, என் கண்ணும்தான், இதில் எனக்கென்ன வெட்கம்.

"இனிக்குதுங்க" என்றாள், ரொம்ப மெதுவாக. உடனேயே குரல் மாறிவிட்டது. "மேல ஒண்ணுமே இல்ல, அடியில பார்த்தாத் திகட்டுது. தூளும் ஒரு கரண்டி அதிகம். ரெண்டு பேருக்கு யாராவது நாலு கரண்டி போடுவாங்களா?"

போன் அடித்தது. மகள். எடுத்துக் காதில் வைத்தேன். "அப்பா? அப்பா, அம்மா குடிச்சாங்களா? என்ன சொன்னாங்க, நல்லா இருக்குதுன்னாங்களா?"

"திட்டறா கண்ணு" என்றேன்.

"என்னன்னு? என்னன்னுங்ப்பா திட்டறாங்க?"

"சக்கரை கரையலையாமா. நல்லாத் திட்டறா."

"அதத்தானுங்ப்பா நான் சொல்ல வந்தேன்" என்றாள் மோகனப்பிரியா, சொல்லிவிட்டு அழ ஆரம்பித்துவிட்டாள், அழுகையா சிரிப்பா என்று பிரித்துச் சொல்ல முடியவில்லை. "போன அம்மா பக்கம் புடிங்கப்பா. பேச வேண்டாம். சும்மா புடிங்க."

கட்டிலில் அவள் எலுமிச்சங்கொட்டை ஒன்றை நுனி நாக்கிலிருந்து எடுத்து விரலில் ஒட்டவைத்து எனக்குக் காட்டினாள். நான் போனை அவள் பக்கம் திருப்பிப் பிடித்தேன். துளசிமணி இன்னும் திட்டி முடிக்கவில்லை.